அலமேலம்மாவாக ஊர் அறிந்த எங்கள் அக்கா

இந்த நினைவு மலரைக் கையில் வாங்கும் உங்களில் பலருக்கு எங்கள் அக்காவின் முகம் தெரியும், பெயர் தெரியாது. 'அலமேலம்மா' என்று சொன்னால் தெரியும். போன வருடம் அவரை அடக்கம் செய்த அன்று கல்லறைத் தோட்டத்து வாசலில் ஒரு பெரியவர் என் கையைப் பிடித்து, அலமேலம்மாவுக்கு நீங்கள்தான் தம்பியா என்றுதான் கேட்டார். ஆமாம் என்று சொன்னேன். ஆண்டவர் அவரை அழைத்துக்கொண்டு ஒரு வருடம் முடிகிறது. உயிரோடு இருந்தவரை அவர் யாரிடமும் சொல்லாத சிலவற்றை, அவரை நேசித்தவர்கள் ஒரு முறையாவது அறிய வேண்டும் என்று குடும்பத்தார் கேட்டுக்கொண்டதால் இதை எழுதுகிறேன். நான் எழுத்துப் பழக்கம் இல்லாதவன், தொழிற்சாலையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். குறை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

அக்கா வடக்குப்பட்டில் பிறந்தார். அப்பாவுக்கு ஏரிக்குக் கீழே கொஞ்சம் நெல் நிலம் இருந்தது. ஞாயிற்றுக்கிழமைகளில் ஆலயத்தில் மணி அடிப்பதும் அப்பாதான். அக்கா மூத்தவர், நான் கடைசி. நடுவில் பிறந்த இருவர் தங்கவில்லை. அதனால் அம்மா என்னை இடுப்பை விட்டு இறக்கவே பயந்தார் என்றும், இறக்கி விளையாட விட்டது அக்காதான் என்றும் சொல்வார்கள்.

அவர் முதலில் மேடை ஏறியது எங்கள் ஆலயத்துக் கிறிஸ்துமஸ் நாடகத்தில். மரியாளாக நடிக்க அவருக்கு ஆசை. நிறம் போதாது, உடம்பும் பருமன் என்று அந்த வேடத்தை வேறொரு பெண்ணுக்குக் கொடுத்துவிட்டு, சத்திரத்துக்காரியாக வந்து, இடமில்லை என்று ஒரு வார்த்தை சொல்லும் வேலையை அக்காவுக்குக் கொடுத்தார்கள். அக்கா அந்த ஒரு வார்த்தையோடு நிற்கவில்லை. யோசேப்பின் காலில் இருக்கும் சேற்றைப் பார், இப்போதுதான் சாணம் மெழுகினேன், கழுதையை எங்கே கட்டுவாய், வைக்கோல் யார் கொடுப்பது என்று அவர் சண்டை பிடித்ததில் யோசேப்பாக நடித்தவர் தன் வசனத்தை மறந்துவிட்டார். ஆயர் சிரித்து சிரித்துக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டார். வேதத்தில் இல்லாததை ஏன் பேசினாய் என்று வீட்டுக்கு வந்ததும் அப்பா கண்டித்தார். கண்டித்து முடிப்பதற்குள் அவருக்கும் சிரிப்பு வந்துவிட்டது.

வாலாஜாபாத்தில் பள்ளிப் படிப்பையும் தட்டச்சையும் முடித்து, சென்னையில் ஒரு தனியார் அலுவலகத்தில் வேலைக்குச் சேர்ந்தார். ஒரகடம் கூட்டுரோட்டில் பேருந்து பிடித்துத் தாம்பரம் போய், அங்கிருந்து மின்சார ரயில். மாலையில் அலுவலகம் விட்டதும் நேராக ஒரு நாடகக் குழுவின் ஒத்திகைக்குப் போவார். அங்கும் அவருக்குக் கிடைத்தது வேலைக்காரி, பால்காரி, வீட்டுக்காரி வேடங்கள்தான். கதாநாயகி வராத நாட்களில் கூட அவரை அந்த இடத்தில் நிறுத்திப் பார்க்க யாருக்கும் தோன்றவில்லை. அதைப் பற்றி அவர் குறைப்பட்டுக்கொண்டதை நான் கேட்டதில்லை. ஆனால் கண்ணாடி முன்னால் நின்று கதாநாயகியின் வசனங்களை முழுவதும் சொல்லிப் பார்ப்பதைக் கேட்டிருக்கிறேன்.

வாலாஜாபாத்தில் நடந்த ஒரு நாடகத்தில் அவரைப் பார்த்து, பெண் கேட்டு வந்தவர்தான் மாமா. ஸ்ரீபெரும்புதூர் பக்கம் ஒரு தொழிற்சாலையில் கடைசல் இயந்திரத்தில் வேலை. அதிகம் பேசமாட்டார். கல்யாணத்துக்குப் பிறகும் நடிக்கட்டும் என்று அவராகவே சொன்னார். அந்தக் காலத்தில் எங்கள் பக்கம் அப்படிச் சொன்ன ஆண்பிள்ளையை நான் வேறு பார்த்ததில்லை. நெடுநாள் காத்திருந்து ஒரு மகன் பிறந்தான். அருள் என்று பெயர் வைத்தார்கள்.

1991-இல் அக்காவுக்குத் தொலைக்காட்சி வாய்ப்பு வந்தது. அப்போது இருந்தது ஒரே நிலையம், வாரத்தில் ஒரு மாலை அரைமணி நேர நகைச்சுவைத் தொடர். சென்னையில் ஒரு ஒண்டுக்குடித்தனம், அதில் குடியிருக்கும் குடும்பங்கள், அவர்களை ஆட்டிப்படைக்கும் வீட்டுக்காரி அலமேலம்மா. வசனத்தை எழுதியவர்கள் அதைச் சுத்தமான பேச்சில் எழுதியிருந்தார்கள். அக்கா ஒத்திகையில் அதை அப்படியே நம் ஊர்ப் பேச்சில் பேசிக் காட்டினார். 'இன்னாது, என் வூட்ல ஆணி அடிக்கிறியா நீ?' என்று அவர் கேட்டதும் இயக்குநர் எழுதிய தாளை மடித்து வைத்துவிட்டாராம்.

அலமேலம்மாவின் அழுகையை உங்களில் வயதானவர்கள் மறந்திருக்கமாட்டீர்கள். வாளி ஓட்டையானாலும் குழாயில் தண்ணீர் நின்றாலும் அந்த அம்மாள் ஒப்பாரி வைப்பார். மெதுவாக ராகம்போல ஆரம்பித்து, மேலே மேலே ஏறி, உச்சிக்குப் போனதும் சட்டென்று நிறுத்தி, பக்கத்தில் இருப்பவளிடம் சாதாரணக் குரலில், 'கொழம்பு கொதிக்குதா பாரு' என்பார். பிறகு விட்ட இடத்திலிருந்து மறுபடி அழுவார். கேமராக்காரருக்கே சிரிப்பு அடங்காமல் காட்சியைத் திரும்பத் திரும்ப எடுத்திருக்கிறார்கள். உடம்பு இன்னும் பெருத்துத் தெரிவதற்காகப் புடவைக்குள் பஞ்சு வைத்துத் தைத்த ஒரு பட்டையை வயிற்றிலும் இடுப்பிலும் கட்டிவிடுவார்கள். தெருவில் பிள்ளைகள் அந்த அழுகையை விளையாட்டாக அழுதார்கள். பேருந்தில் நடத்துனர் அலமேலம்மா என்று கூப்பிட்டு இடம் பிடித்துக் கொடுத்தார். ஸ்ரீபெரும்புதூர் என்று சொன்னாலே வெளியூர்க்காரர்களின் முகம் மாறிய வருடம் அது. அந்த வருடத்தில் எங்கள் பக்கத்து வீடுகளில் கேட்ட சிரிப்பில் பெரும்பங்கு அக்காவால் வந்தது.

வடகிழக்கு மழை தொடங்கிய சமயம் அருளுக்குக் காய்ச்சல் கண்டது. இரண்டாம் வகுப்புப் படித்துக்கொண்டிருந்தான். வைத்தியர் மருந்து கொடுத்தார். மறுநாள் காலையில் உடம்பு தணிந்து, ரொட்டி கேட்டுச் சாப்பிட்டான். அதைப் பார்த்த பிறகுதான் அக்கா படப்பிடிப்புக்குக் கிளம்பினார். அம்மாவும் மாமாவும் வீட்டில் இருந்தார்கள். நண்பகலுக்கு மேல் பையனுக்கு வலிப்பு வந்தது. காஞ்சிபுரம் ஆஸ்பத்திரிக்கு எடுத்துப் போகிறோம், அக்காவை அழைத்து வா என்று, வாலாஜாபாத்தில் ஒரு கடையிலிருந்து கிண்டியில் நான் வேலை பார்த்த தொழிற்சாலைக்குத் தொலைபேசி வந்தது. நான் வடபழனிக்கு ஓடினேன்.

படப்பிடிப்புத் தளத்தின் கதவுக்கு மேலே சிவப்பு விளக்கு எரிந்தது. அது எரியும்போது கதவைத் திறக்கக்கூடாது. இந்த ஷாட் முடியட்டும் தம்பி, உடனே விடுகிறேன் என்று காவலாளி என் தோளைப் பிடித்து நிறுத்தினார். அவர் மேல் தவறில்லை, என்ன செய்தி என்று சொல்ல எனக்கும் வாய் வரவில்லை. உள்ளே அக்கா அழுதுகொண்டிருந்தார். ராகம் மெல்ல ஏறியது. நின்றது. குழம்பைப் பற்றிக் கேட்டார். யாரோ ஒருவர் அடக்க முடியாமல் சிரித்துவிட, காட்சி கெட்டது, விளக்கு அணையவில்லை, மறுபடி எடுத்தார்கள். மறுபடியும் அக்கா முதலிலிருந்து அழுதார். நான் கதவில் நெற்றியை வைத்துக்கொண்டு நின்றேன்.

விளக்கு அணைந்து உள்ளே போனதும் என் முகத்தைப் பார்த்தே அவர் எழுந்துவிட்டார். வலிப்பு என்று சொன்னேன்.

"மூச்சு கீதாடா?" என்று கேட்டார்.

கீது என்றேன். எனக்குத் தெரிந்தது அவ்வளவுதான். இயக்குநர் தன் காரையே கொடுத்தார். பூந்தமல்லி தாண்டியதும் மழை பிடித்துக்கொண்டது. அந்த வருடம் எங்கள் சாலையில் வண்டிகளை நிறுத்திச் சோதிப்பது வழக்கமாகியிருந்தது. ஸ்ரீபெரும்புதூருக்கு முன்னால் ஒரு போலீஸ்காரர் குனிந்து உள்ளே பார்த்தார். பெரிய பொட்டும் மூக்கின் இரண்டு பக்கமும் மூக்குத்தியுமாக இருந்த அக்காவைக் கண்டதும் அவர் முகம் மலர்ந்தது. எங்கள் வீட்டில் எல்லோரும் உங்களைப் பார்ப்போம் அம்மா என்று சொல்லி வண்டியை விட்டார். அக்கா அவரைப் பார்த்துக் கைகூப்பினார்.

நாங்கள் போய்ச் சேர்ந்தபோது அருள் போய்விட்டான். மூளைக்காய்ச்சல் என்றார்கள். டாக்டர்கள் தங்களால் ஆனதைச் செய்தார்கள், நேரம் அவ்வளவுதான் இருந்தது. நடையில் நின்றிருந்த நோயாளிகளின் உறவினர்கள், அலமேலம்மா வருவதைக் கண்டு ஒருவரையொருவர் தொட்டுக் காட்டினார்கள். சிலர் சிரித்தார்கள். பிறகு புரிந்து விலகி வழிவிட்டார்கள். அக்கா கட்டிலுக்குப் பக்கத்தில் போய்க் குனியப் பார்த்தார். வயிற்றில் கட்டியிருந்த பட்டை அவரைக் குனியவிடவில்லை. அம்மா எழுந்து வந்து, எல்லோருக்கும் முன்னால் புடவையை நெகிழ்த்தி, நாடாவை அறுத்து அந்தப் பஞ்சை வெளியே இழுத்துப் போட்டார். அதன் பிறகுதான் அவரால் தன் பிள்ளையை எடுக்க முடிந்தது.

மாமா தரையில் உட்கார்ந்திருந்தார். நிமிர்ந்து பார்க்காமல், "வந்துகினே இருந்தியா? அவன் உன்னதான் கேட்டுகினு இருந்தான்" என்றார். கோபமாகச் சொல்லவில்லை. அதற்குப் பிறகு அந்த இருவருக்கும் நடுவில் பேச எதுவும் மிஞ்சவில்லை என்று நினைக்கிறேன். இருவரில் யாரையும் குறை சொல்ல எனக்கு உரிமை இல்லை.

மறுநாள் காலை வடக்குப்பட்டு வீட்டில் அருளைக் கிடத்தியிருந்தோம். பக்கத்து ஊர்களிலிருந்தும் ஜனங்கள் வந்திருந்தார்கள். பெட்டியை மூடப்போகும் நேரத்தில் அக்கா வாய்விட்டு அழத் தொடங்கினார். அவருக்கு இருந்தது ஒரே குரல். அந்தக் குரலில், மெதுவாக ஆரம்பித்து மேலே ஏறித்தான் அவரால் அழ முடிந்தது. வெளியே நின்ற பிள்ளைகள் சிரித்துவிட்டார்கள். பிள்ளைகள் மட்டுமல்ல, ஒரு பெண்மணி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு வேகமாக வெளியே போனதை நான் பார்த்தேன். மனம் நினைப்பதற்குள் உடம்பு சிரித்துவிடுகிறது, அதை எப்படிக் குற்றம் சொல்வது? அக்காவுக்கு அது கேட்டது. பாதி ராகத்தில் நிறுத்தினார். புடவைத் தலைப்பைச் சுருட்டி வாயில் வைத்துக் கடித்துக்கொண்டு, கல்லறைத் தோட்டம் வரை அப்படியே வந்தார். அதற்குப் பிறகு, அப்பா இறந்தபோதும் அம்மா இறந்தபோதும், வீட்டில் அவர் சத்தம் போட்டு அழுது யாரும் கேட்டதில்லை.

அந்த வாரமும் தொடர் ஒளிபரப்பானது, முன்பே எடுத்து வைத்த பகுதி அது. எங்கள் தெருவில் யாரும் தொலைக்காட்சியைப் போடவில்லை. ஆனாலும் ஊராட்சிக் கட்டடத்துப் பெட்டியின் சத்தம் காற்றில் வந்தது. மாமா எழுந்து ஏரிப்பக்கம் நடந்துபோனார்.

சில நாட்கள் கழித்து இயக்குநர் வீட்டுக்கு வந்தார். மீதி இருக்கும் பகுதிகளில் அலமேலம்மா மகள் வீட்டுக்குப் போய்விட்டதாகக் கதையை மாற்றி எழுதிவிட்டோம், நீங்கள் வர வேண்டாம் என்று சொன்னார். அக்கா வருகிறேன் என்றார். அம்மா தலையில் அடித்துக்கொண்டார். பிள்ளையை மண்ணில் வைத்த ஈரம் காயவில்லை, சிரிக்க வைக்கப் போகிறாளே என்று உறவில் பலர் பேசினார்கள். இதைப் படிப்பவர்களில் அப்படிப் பேசியவர்களும் இருப்பீர்கள். வருத்தப்படச் சொல்லவில்லை. அன்று எனக்கும் புரியவில்லை. அக்காவுக்குத் துணையாக நான் விடுப்பு எடுத்துக்கொண்டு போனேன்.

அன்று எடுக்க வேண்டிய காட்சியில் அலமேலம்மா வளர்க்கும் கோழி காணாமல் போகிறது. அழுகை இருந்ததால் இயக்குநர் அதை அடித்துவிட்டு வெறும் பேச்சாக மாற்றி வைத்திருந்தார். அக்கா பழையபடியே எடுக்கச் சொன்னார். விளக்குகளைப் போட்டார்கள். அக்கா அந்தக் கோழிக்காக அழுதார். வழக்கத்தைவிட நீளமாக அழுதார். உச்சிக்குப் போய் நிறுத்தி, குழம்பைப் பற்றிக் கேட்க வேண்டிய இடத்தில் சரியாகக் கேட்டார். பிறகு மறுபடி அழுதார். அந்தத் தளத்தில் அன்று யாரும் சிரிக்கவில்லை. கேமராக்காரர் கண்ணைத் துடைத்துக்கொண்டே எடுத்தார். ஒரே தடவையில் முடிந்தது. ஒளிபரப்பில் சிரிப்பொலியைச் சேர்த்திருந்தார்கள். தொடரிலேயே மிகவும் சிரிப்பான பகுதி அதுதான் என்று வெகுகாலம் பலர் என்னிடம் சொல்லியிருக்கிறார்கள்.

திரும்பி வரும்போது, தாம்பரத்தில் பேருந்துக்குக் காத்திருந்த நேரத்தில், ஏன் போனாய் அக்கா என்று கேட்டேன்.

"வூட்ல அழுதா சிரிக்கிறாங்கடா. அங்க தான் அழ வுடுறாங்க" என்றார்.

தொடர் முடிந்தது. மாமா சில வருடங்கள் கழித்து வாலாஜாபாத்தில் தன் அண்ணன் வீட்டோடு போய்விட்டார். பண்டிகைக்கு அக்கா அவருக்கு வேட்டி எடுத்து அனுப்புவார், அவர் உடுத்திக்கொள்வார், அவ்வளவுதான் உறவு. அவர் இறந்தபோது அக்கா போய்க் குளிப்பாட்டுவதற்குத் தண்ணீர் மொண்டு கொடுத்து, அடக்கம் முடியும்வரை இருந்து திரும்பினார்.

புதிய சேனல்கள் வந்தன. நெடுந்தொடர்களில் மகனைப் பறிகொடுத்த தாய், மருமகளிடம் அழும் மாமியார் என்று வேடங்கள் தேடி வந்தன. சிரிப்பு வேடம் இருந்தால் சொல்லுங்கள் என்று எல்லாவற்றையும் மறுத்தார். சிரிப்பு வேடங்களுக்கு இளையவர்கள் வந்துவிட்டார்கள். இரண்டொரு படங்களில் கூட்டத்தில் ஒருத்தியாக வந்தார், அதுவும் நின்றது. அலுவலக வேலையை நடிப்புக்காக முன்பே விட்டிருந்தார். ஊருக்கே திரும்பினார்.

அதற்குள் எங்கள் பக்கம் வயல்கள் தொழிற்சாலைகளாகத் தொடங்கியிருந்தன. அப்பாவின் நிலமும் போனது. தெற்கு மாவட்டங்களிலிருந்து அந்தத் தொழிற்சாலை லைன்களில் வேலை பார்க்க வந்த பெண்களுக்காக ஒரகடத்தில் ஒருவர் நடத்திய விடுதியில் அக்கா சமையலையும் மேற்பார்வையையும் ஏற்றுக்கொண்டார். ஷிஃப்ட் முடிந்து எந்த நேரத்தில் வந்தாலும் அந்தப் பெண்களுக்குச் சூடாகச் சாப்பாடு இருக்கும். ஓ.டி. என்று கூடுதல் நேரம் வேலை பார்த்துவிட்டு நின்றுகொண்டே தூங்குபவளை உட்கார வைத்து ஊட்டிவிட்டதைப் பார்த்திருக்கிறேன். அவர் நடிகை என்பது அவர்களில் யாருக்கும் தெரியாது. ஒருமுறை ஒரு சேனல்காரர்கள் பழைய கலைஞர்களைப் பேட்டி எடுப்பதாகக் கேமராவோடு விடுதிக்கே வந்து, அலமேலம்மா அழுவதுபோல ஒரு தடவை அழுது காட்டச் சொன்னபோதுதான் பெண்களுக்கு விஷயம் தெரிந்தது. அக்கா அவர்களுக்கு டீ கொடுத்தார். "அந்தம்மா செத்துப் போயி ரொம்ப நாளாச்சுப்பா" என்று சொல்லி அனுப்பிவிட்டார்.

சாலையை அகலப்படுத்தியபோது எங்கள் கல்லறைத் தோட்டத்தில் ஒரு வரிசை போனது. அருள் இருந்த வரிசை அது. எலும்புகளை எடுத்து உள்ளே வேறிடத்தில் அடக்கம் செய்ய ஏற்பாடானது. பெண்கள் வர வேண்டாம், மனம் தாங்காது என்று சொன்னார்கள். அக்கா வந்தார். குழிக்குப் பக்கத்தில் சப்பணமிட்டு உட்கார்ந்து, வேலையாட்கள் மேலே எடுத்துக் கொடுத்ததை ஒவ்வொன்றாகத் தன் மடியில் வாங்கி, மண்ணைத் துடைத்து வெள்ளைத் துணியில் வைத்தார். சாலையில் கன்டெய்னர் லாரிகள் போய்க்கொண்டிருந்தன. அவர் உதடு அசைந்தது, என்ன சொன்னார் என்று லாரிச் சத்தத்தில் எனக்குக் கேட்கவில்லை.

கடைசி வருடங்களில் சர்க்கரை நோய் சிறுநீரகத்தைக் கெடுத்தது. வாரம் தவறாமல் ரத்தச் சுத்திகரிப்புக்குப் போக வேண்டியிருந்தது. கண் மங்கியது, கால் வீங்கியது, தண்ணீரை அளந்து குடிக்க வேண்டும் என்றார்கள். வலியைப் பற்றிப் பேசமாட்டார். கட்டிலில் படுத்தபடி பக்கத்துக் கட்டில் நோயாளி தாதியிடம் சண்டை போடுவதை எங்களுக்கு நடித்துக் காட்டுவார். ஒரு நாள் மாலை, இனிமேல் அங்கே கூட்டிப் போகாதே என்றார். நான் கட்டாயப்படுத்தவில்லை. சில நாட்களில், ஆலயத்திலிருந்து வந்தவர்கள் ஜெபம் செய்துகொண்டிருக்கும்போது உயிர் பிரிந்தது. மகன் இருக்கும் புதிய இடத்துக்குப் பக்கத்திலேயே அவரையும் வைத்தோம்.

நோயில் அவரைத் தாங்கியவர்களை இங்கே நினைக்காமல் இருக்க முடியாது. தங்கள் ஷிஃப்டை மாற்றிக்கொண்டு முறைவைத்து அவரோடு ஆஸ்பத்திரியில் உட்கார்ந்த விடுதிப் பெண்கள் எங்கள் வீட்டுப் பெண்களாகவே ஆகிவிட்டார்கள். நினைத்த நேரத்தில் ஆட்டோவோடு வந்து நின்ற பிள்ளைப்பாக்கத்துத் தம்பி, வீடு தேடி வந்து ஜெபித்த ஆயர், கல்லறைத் தோட்டத்தில் அக்காவுக்காக இடம் ஒதுக்கித் தந்த சபையார், சமையலறைப் பொறுப்பை ஏற்றுக்கொண்ட என் மனைவி, எல்லோருக்கும் எங்கள் குடும்பம் கடன்பட்டிருக்கிறது. தொடரின் இயக்குநர் தள்ளாத வயதிலும் சென்னையிலிருந்து வந்து, அடக்கம் முடியும்வரை நின்றிருந்தார். அவருக்கும் நன்றி.

இந்த நினைவுநாளில் அக்கா நடித்த தொடரில் ஒரு பகுதியையாவது திரையிட வேண்டும் என்று பிள்ளைகள் ஆசைப்பட்டார்கள். நிலையத்தில் போய்க் கேட்டோம். அந்தக் காலத்தில் வீடியோ நாடாக்களின் மேலேயே மறுபடி வேறு நிகழ்ச்சியைப் பதிவு செய்வது வழக்கம் என்றும், அந்தத் தொடரில் ஒன்றும் மிஞ்சவில்லை என்றும் வருத்தத்தோடு சொன்னார்கள். அக்கா நடித்ததற்கு இன்று உலகத்தில் அடையாளம் இல்லை, பார்த்தவர்களின் ஞாபகம் மட்டும்தான். உங்களில் யாராவது அந்நாளில் தொடரை வீட்டில் வீடியோவில் பதிவு செய்து வைத்திருந்தால், பரணில் தேடிப் பாருங்கள். கிடைத்தால் எங்களுக்குக் கொண்டுவந்து தர வேண்டும் என்பதில்லை. வீட்டில் எல்லோரும் உட்கார்ந்து போட்டுப் பாருங்கள். சிரிப்பு வந்தால், இதையெல்லாம் நினைத்து அடக்கிக்கொள்ளாதீர்கள். நன்றாகச் சிரியுங்கள். அக்கா அந்த வேலையை ஒழுங்காகச் செய்திருக்கிறார்.

தம்பி சாமுவேல்
வடக்குப்பட்டு